சதைப் பரிசோதனைக்குப் பிறகு மிஞ்சுவது யாருடையது? நோயாளிகளின் திசுவும் ஆராய்ச்சியும்

பாம்பன் டீச்சர் (இழையைத் தொடங்கியவர்):

வணக்கம். எங்கள் தெருவில் கடற்பாசி எடுக்கப் போகும் அக்கா ஒருவருக்கு மார்பில் கட்டி வந்து, மதுரையில் ஒரு மருத்துவமனையில் அறுவை சிகிச்சை நடந்தது. ஆங்கிலம் வாசிப்பவள் என்பதால் துணைக்கு என்னை அழைத்துப் போனார்கள். ஒப்புதல் படிவத்தின் இரண்டாம் பக்கத்தில், மயக்க மருந்தின் ஆபத்துகளைச் சொல்லும் பத்திக்கும் கட்டணம் பற்றிய பத்திக்கும் நடுவே, அகற்றப்படும் திசுவைக் கல்விக்கும் ஆராய்ச்சிக்கும் பயன்படுத்திக்கொள்ள நோயாளிக்கு ஆட்சேபம் இல்லை என்று ஒரே ஒரு வரி இருந்தது. அதற்கென்று தனிக் கையெழுத்து கேட்கவில்லை. வேண்டாம் என்று குறிப்பதற்கு ஒரு கட்டமும் இல்லை. வாசித்துச் சொன்னேன். "அறுத்து எடுத்தத வச்சு என்ன டீச்சர் செய்வாக?" என்று அக்கா கேட்டார். எனக்குத் தெரியவில்லை. பக்கத்தில் நின்ற ஊழியர், எல்லோரும் போடும் கையெழுத்துதான் என்றார். அக்கா கைநாட்டு வைத்தார்.

சிகிச்சையில் குறை சொல்ல ஒன்றுமில்லை. அக்கா தேறி வருகிறார். ஆராய்ச்சி கூடாது என்பதும் என் கருத்தன்று. ஆனால் உயிர் பிழைக்க வேண்டிக் கையெழுத்துப் போடுகிற ஒருவரிடம், அதே தாளில் இன்னொன்றையும் சேர்த்து வாங்கிக்கொள்வது முறையா என்ற கேள்வி என்னை விடவில்லை. இங்கே மருத்துவத் துறையிலும் சட்டத் துறையிலும் இருப்பவர்கள் உண்டு என்பதால் கேட்கிறேன். அந்தச் சதை எங்கே போகிறது, அதன் மீது யாருக்கு உரிமை, நம் கடற்கரை மக்கள் எதைக் கேட்டுப் பெற வேண்டும்?

லேப் டெக்னீஷியன், இராமநாதபுரம்:

டீச்சருக்கு வணக்கம். அந்த அக்காவின் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். அறுவை அரங்கிலிருந்து கட்டி, பார்மலின் ஊற்றிய டப்பாவில் எங்களிடம் வருகிறது. சதை நன்றாக இறுகும் வரை அதிலேயே விடுவோம். பிறகு நோயியல் மருத்துவர் அதை அளந்து, ஓரங்களைக் குறித்துக்கொண்டு, பார்க்க வேண்டிய இடங்களிலிருந்து தபால்தலை அளவுக்குச் சிறு துண்டுகள் வெட்டுவார். அவை ஆல்கஹாலில் நீர் நீங்கி, சைலீனில் தெளிந்து, உருகிய பாரஃபின் மெழுகில் ஊறி, ஆறியதும் ஒரு மெழுகுக் கட்டியாக ஆகும். அதைத்தான் நாங்கள் பிளாக் என்கிறோம். மைக்ரோடோமில் வைத்து 3 முதல் 5 மைக்ரான் கனத்துக்குச் சீவி, வெந்நீரில் மிதக்கவிட்டு, கண்ணாடி ஸ்லைடில் ஏந்தி, ஹீமாட்டாக்சிலினும் இயோசினும் ஏற்றினால், செல்லின் உட்கரு நீலமாகவும் மற்றவை இளஞ்சிவப்பாகவும் தெரியும். ரிப்போர்ட் அதைப் பார்த்துத்தான் எழுதப்படுகிறது.

ஸ்லைடுக்குப் போவது பிளாக்கில் மிகச் சிறு பங்குதான். மிச்சத்தை எண் போட்டு அலமாரியில் பல ஆண்டுகள் வைத்திருப்போம். அது முதலில் அந்த நோயாளிக்காகவே வைக்கப்படுகிறது. நோய் திரும்பினால், அல்லது எந்த மருந்து பொருந்தும் என்று காட்டும் ஈஸ்ட்ரோஜன் ஏற்பி, ஹெர்-2 போன்ற சோதனைகள் தேவைப்பட்டால், அதே பிளாக்கை மறுபடி சீவுவோம். வேறு மருத்துவரிடம் கருத்துக் கேட்க விரும்பும் குடும்பத்தினர் கேட்டு வாங்கிப் போவதும் உண்டு. இதே அலமாரிக்குத்தான் முதுகலை மாணவர்கள் ஆய்வேட்டுக்காக வருகிறார்கள்.

விவாதம் தெளிவாக இருக்க ஒரு வேறுபாட்டைச் சொல்ல விரும்புகிறேன். நோயறிவதற்காக எடுத்ததில் மிஞ்சிய பிளாக் வேறு; ஆராய்ச்சிக்கென்றே கூடுதலாக வெட்டும் ஒரு துண்டோ, கூடுதலாக இழுக்கும் ஒரு குழாய் இரத்தமோ வேறு. இரண்டாவது வகைக்கு நோயாளியைக் கேட்காமல் கை வைக்கவே கூடாது என்பதில் எனக்கு இரண்டாவது கருத்தில்லை. முதல் வகையில்தான் உண்மையான சிக்கல் இருக்கிறது.

மண்டபம் ஆய்வு மாணவர்:

நான் உயிர்வேதியியல் படிக்கிறவன். ஆராய்ச்சியின் பக்கம் நின்று பேச ஒருவராவது வேண்டும் என்பதால் எழுதுகிறேன்.

நம் மக்களின் திசுவும் இரத்தமும் ஆய்வுக்கு வராவிட்டால், நம் மக்களுக்குப் பொருந்தாத மருத்துவமே நமக்குக் கிடைக்கும். ஓர் எடுத்துக்காட்டு போதும். இதயத் தசையில் உள்ள ஒரு புரதத்துக்கான மரபணுவில், 25 எழுத்துகள் விடுபட்டுப்போன ஒரு மாற்றம் தெற்காசியர்களில் ஏறத்தாழ 100 பேரில் 4 பேருக்கு இருக்கிறது என்றும், அது பிற்காலத்தில் இதயத் தசை நோய்க்கான வாய்ப்பைக் கூட்டுகிறது என்றும் 2009-இல் ஓர் ஆய்வு வெளிவந்தது. அதில் நம் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தினரும் ஐதராபாத் செல் மற்றும் மூலக்கூறு உயிரியல் மையத்தினரும் பங்கேற்றார்கள். ஐரோப்பியரின் மாதிரிகளை மட்டும் வைத்து ஆயுள் முழுதும் உழைத்திருந்தாலும் இது தெரிய வந்திருக்காது. இன்று சென்னை ஐஐடியின் தேசியப் புற்றுநோய்த் திசு வங்கியும், 10,000 இந்தியரின் மரபணுத் தொகுதியை வாசித்த ஜீனோம் இந்தியா திட்டமும் இருப்பது, யாரோ முன்வந்து தந்ததால்தான்.

ஒவ்வொரு பழைய பிளாக்குக்கும் நோயாளியைத் தேடிப் போய் அனுமதி கேட்க வேண்டும் என்றால் நடைமுறையில் ஆய்வே நடக்காது. பலர் இறந்திருப்பார்கள், பலர் வீடு மாறியிருப்பார்கள். அதனால்தான் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் 2017-ஆம் ஆண்டு நெறிமுறைகள், அடையாளம் நீக்கிய மாதிரிகளை, ஆய்வுகளைப் பரிசீலிக்கும் அறநெறிக் குழுவின் அனுமதியுடன் தனி ஒப்புதல் இல்லாமலும் பயன்படுத்தலாம் என்கின்றன. அடையாளம் நீங்கிய பிறகு ஒருவருக்கு என்ன தீங்கு வந்துவிடும் என்று நண்பர்கள் சொல்ல வேண்டும்.

தங்கச்சிமடம் சங்கக்காரர்:

தம்பி, தீங்கு என்ன என்று கேட்டிருக்கிறீர்கள். பெயரை எடுத்துவிட்டு, வயது 43, பெண், ஊர் தங்கச்சிமடம், அபூர்வமான இன்ன நோய் என்று ஒரு கட்டுரையில் எழுதினால், சென்னையில் இருப்பவருக்கு அது அடையாளம் இல்லாத தகவல்; எங்கள் ஊரில் பந்தலடியில் உட்கார்ந்திருக்கும் கிழவருக்குக்கூட அது யாரென்று தெரியும். ஒன்றுக்குள் ஒன்றாகப் பெண் கொடுத்துப் பெண் எடுக்கும் ஊர்கள் இவை. ஒருவரின் மரபணுவில் ஒரு குறை இருப்பதாகத் தெரிந்தால், அவர் தங்கையின் சம்பந்தம் நின்றுபோகும். தனி ஆளுக்கு மட்டும் வரும் தீங்கு இல்லை இது.

கீழக்கரை வழக்கறிஞர்:

சங்கக்காரர் சொன்னது வெறும் அச்சம் இல்லை. 2013-இல் அமெரிக்காவில் ஓர் ஆய்வுக் குழுவினர், பெயர் நீக்கி வெளியிடப்பட்ட மரபணுத் தரவுகளை எடுத்து, இணையத்தில் யாரும் பார்க்கக்கூடிய வம்சாவளிப் பட்டியல்களோடு ஒப்பிட்டே ஏறத்தாழ 50 பேரின் அடையாளத்தைக் கண்டுபிடித்துக் காட்டினார்கள். பெயரை அழிப்பது பாதுகாப்பின் ஒரு பகுதியே தவிர முழுப் பாதுகாப்பு அன்று.

டீச்சர் கேட்ட உரிமைக் கேள்விக்கு வருகிறேன். உலகம் அறிந்த முதல் எடுத்துக்காட்டு ஹென்றியெட்டா லாக்ஸ் என்ற கறுப்பினப் பெண்மணியுடையது. 1951-இல் அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில், அவருடைய கருப்பைவாய்ப் புற்றுக் கட்டியிலிருந்து அவரைக் கேட்காமல் எடுத்த செல்கள், ஹீலா என்ற பெயரில் இன்றுவரை ஆய்வகங்களில் பெருகிக்கொண்டிருக்கின்றன. போலியோ தடுப்பூசிச் சோதனைக்கு உதவியவை அவை. அவர் அந்த ஆண்டே இறந்துவிட்டார். குடும்பத்துக்கு விவரம் தெரிய 20 ஆண்டுகளுக்கு மேலாயின. அதற்குப் பிறகும் 2013-இல் ஹீலாவின் மரபணுத் தொகுதியைக் குடும்பத்தைக் கேட்காமலே வெளியிட்டு, எதிர்ப்பு வந்த பின் திரும்பப் பெற்றார்கள். அமெரிக்க தேசியச் சுகாதார நிறுவனம் அந்த ஆண்டு குடும்பத்தோடு பேசி, அத்தரவைக் கேட்போரின் விண்ணப்பங்களைப் பரிசீலிக்கும் குழுவில் குடும்பத்தினருக்கும் இடம் கொடுத்தது. செல்களை விற்று இலாபம் பார்த்த ஒரு பெருநிறுவனத்தின் மீது குடும்பம் தொடுத்த வழக்கு 2023-இல்தான் சமரசத்தில் முடிந்தது.

இன்னொன்று ஜான் மூர் வழக்கு. இரத்தப் புற்றுக்காக 1976-இல் அவருடைய மண்ணீரலை அகற்றிய மருத்துவர், பரிசோதனை என்று சொல்லிப் பல ஆண்டுகள் அவரை வரவழைத்து மாதிரிகள் எடுத்து, ஆய்வகத்தில் தொடர்ந்து பெருகும் செல் வரிசை ஒன்றை உருவாக்கினார். 1984-இல் அதற்குக் காப்புரிமையும் கிடைத்தது. 1990-இல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம், வெட்டி எடுத்த செல்களின் மீது மூருக்குச் சொத்துரிமை இல்லை என்றது. ஆனால் தனக்கு அதில் ஆராய்ச்சி நலனும் பண நலனும் இருப்பதை மருத்துவர் முன்கூட்டியே சொல்லியிருக்க வேண்டும் என்றும் தீர்ப்பளித்தது.

நம் நாட்டு நிலை இதைவிட விசித்திரமானது. 2002-ஆம் ஆண்டின் பல்லுயிர்ப் பெருக்கச் சட்டத்தின்படி, வணிக நோக்கில் உயிரினப் பொருளை எடுப்பவர்கள் பலனில் பங்கு தர வேண்டும். மண்டபம் கரையில் மூங்கில் தெப்பம் கட்டி வளர்த்தார்களே, ஊரில் பெப்சிப் பாசி என்று சொல்லும் அந்தக் கப்பாபைகஸ், அதைத் தென்கிழக்காசியாவுக்கு ஏற்றுமதி செய்ததற்காகப் பெப்சிகோ நிறுவனம் சென்னையிலுள்ள தேசியப் பல்லுயிர் ஆணையத்துக்கு 30 இலட்சம் ரூபாய்க்கும் மேல் பங்குத்தொகை கட்டியிருக்கிறது. ஆனால் அதே சட்டம், உயிரினப் பொருள் என்பதன் வரையறையிலிருந்து மனித மரபுப் பொருளை வெளிப்படையாக விலக்கி வைத்திருக்கிறது. விரலில் துணி சுற்றிக்கொண்டு பாறையில் மரிக்கொழுந்துப் பாசி பறிக்கும் பெண்ணின் கையிலுள்ள பாசிக்குச் சட்டத்தில் ஓர் இடம் உண்டு. அந்தக் கையிலிருந்து எடுக்கும் இரத்தத்துக்கு அந்தச் சட்டத்தில் இடம் இல்லை. மனித உடலை வணிகப் பொருளாக்கக் கூடாது என்ற நல்ல எண்ணத்தில் விலக்கியிருக்கலாம். அதற்கு ஈடாக வேறொரு சட்டத்தில் அழுத்தமான பாதுகாப்பைக் கொடுத்திருக்க வேண்டும் என்பதே என் வாதம்.

இருப்பது ஆராய்ச்சிக் கழகத்தின் நெறிமுறைகள். அவை மூர் தீர்ப்பைப் போலச் சொல்லவில்லை. மாதிரிக்கும் தரவுக்கும் உரிமையாளர் அதைத் தந்தவரே, சேமித்து வைக்கும் நிறுவனம் அதன் காவலர் மட்டுமே என்கின்றன. 2019-ஆம் ஆண்டின் புதிய மருந்துகள் மற்றும் மருத்துவப் பரிசோதனை விதிகள், உயிர்மருத்துவ ஆய்வு எதுவும் இந்நெறிமுறைகளின்படியே நடக்க வேண்டும் என்று சொல்வதால், அவற்றை வெறும் அறிவுரை என்று தள்ளிவிட முடியாது.

தங்கச்சிமடம் சங்கக்காரர்:

வக்கீல் காக்கா, பாசிக்குக் கொடுத்ததைப் போல இதற்கும் ஒரு பங்கு கேட்டால் என்ன? எங்கள் சதையில் மருந்து கண்டுபிடித்து, அந்த மருந்தையே எங்களுக்கு விலைக்கு விற்பார்கள் என்றால் அது எந்த ஊர் நியாயம்?

மண்டபம் ஆய்வு மாணவர்:

அண்ணன், அதில் ஓர் ஆபத்து இருக்கிறது. கையில் காசு என்று வந்துவிட்டால், தடைக்காலத்தில் கடலுக்குப் போக முடியாமல் வீட்டில் இருக்கும் குடும்பம் காசுக்காகவே ஒப்புக்கொள்ளும். வேண்டாம் என்று சொல்லும் சுதந்திரம் அங்கே போய்விடும். தவிரவும், ஒரு மருந்து ஒரே ஒருவரின் திசுவிலிருந்து வருவது மிக அரிது. ஆயிரம் பேரின் மாதிரிகளைச் சேர்த்துப் பார்த்தால்தான் ஏதாவது தெரியும். தனி ஆளுக்குப் பங்கு பிரிப்பதைவிட, ஆய்வின் பலன் அந்த ஊருக்குத் திரும்ப வர வேண்டும் என்று கேட்பது சரியாக இருக்கும். ஒரு பகுதியில் இதய நோய்க்கான மரபணுவைத் தேடினால், ஆய்வு முடிந்ததும் அதே பகுதியில் எக்கோ பரிசோதனை முகாம் நடத்த வேண்டும் என்பதை ஆய்வுத் திட்டத்திலேயே எழுதச் சொல்லலாம். இலாபம் வந்தால் பங்கு உண்டா, இல்லையா என்பதையும் படிவத்தில் ஒளிக்காமல் எழுத வேண்டும்.

பெயர் நீக்கினால் போதும் என்று நான் எழுதியது நம் ஊர்களின் அளவுக்குப் பொருந்தாது என்பதை ஏற்கிறேன். கட்டுரைகளில் ஊர்ப் பெயரைத் தவிர்த்து மாவட்டத்தோடு நிறுத்தலாம், வயதைப் பத்தாண்டு இடைவெளியில் கொடுக்கலாம்.

ஓய்வுபெற்ற செவிலியர், தொண்டி:

வார்டில் நின்றவள் என்ற முறையில் எழுதுகிறேன். எதைக் கேட்பது என்று எல்லோரும் பேசுகிறீர்கள். எப்போது கேட்பது என்று யாரும் பேசவில்லை. அறுவை சிகிச்சை நாளன்று காலையில், வெறும் வயிற்றோடு, நகையெல்லாம் கழற்றிக் கொடுத்துவிட்டு, பச்சை உடுப்பில் உட்கார்ந்திருக்கும் ஒரு பெண்ணிடம் எந்தக் காகிதத்தை நீட்டினாலும் கையெழுத்துப் போடுவார். வேண்டாம் என்றால் டாக்டர் கோபித்துக்கொள்வாரோ, ஊசியைக் கவனமில்லாமல் போட்டுவிடுவார்களோ என்று நினைப்பவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். வீட்டுக்காரர் கடலில் இருப்பார். மாமியாரோ அண்ணனோதான் துணைக்கு வந்திருப்பார்கள். கைநாட்டுக்குச் சாட்சி போடுபவர் ஆய்வில் சம்பந்தமில்லாத, எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவராக இருக்க வேண்டும் என்பது விதி. அவசரத்தில் அதே வார்டு ஊழியர் சாட்சி போடுவதும் நடக்கிறது.

ஆகவே தையல் பிரிக்க வரும் நாளில் கேட்கலாம். வலி குறைந்திருக்கும், ரிப்போர்ட்டும் வந்திருக்கும், வீட்டில் கலந்து பேசியும் வரலாம். பிளாக் எப்படியும் அலமாரியில்தானே இருக்கிறது.

இன்னொன்றும் உண்டு. உடம்பிலிருந்து போனதைக் குப்பை என்று நம் ஊரில் யாரும் நினைப்பதில்லை. வீட்டில் பிள்ளை பிறந்த காலத்தில் நஞ்சுக்கொடியைக் கொல்லையில் குழிதோண்டிப் புதைத்தவர்கள் நாம். மருத்துவமனையில் அதே நஞ்சுக்கொடி மருத்துவக் கழிவுக்கான மஞ்சள் பையில் போகும்போது, எங்கே போகிறது என்று பாட்டிமார் கேட்பார்கள்.

கீழக்கரை வழக்கறிஞர்:

அம்மா சொன்னதை நானும் கண்டிருக்கிறேன். சர்க்கரை நோயால் கால் எடுக்க நேர்ந்தால், அந்தக் காலைக் கேட்டு வாங்கி மையவாடியில் அடக்கம் செய்யும் குடும்பங்கள் எங்கள் பக்கத்தில் உண்டு. இங்கிலாந்தில் லிவர்பூலின் ஆல்டர் ஹே மருத்துவமனையில், இறந்த குழந்தைகளின் உறுப்புகளைப் பெற்றோருக்குத் தெரியாமல் எடுத்து வைத்திருந்தது வெளியே வந்தபோது, பிள்ளைகளை அடக்கம் செய்துவிட்டோம் என்று நம்பியிருந்தவர்கள் உறுப்புகளைப் பெற்று மறுபடி அடக்கம் செய்ய வேண்டியதாயிற்று. அதன் விளைவாகத்தான் அங்கே 2004-இல் மனிதத் திசுச் சட்டம் வந்தது.

லேப் டெக்னீஷியன், இராமநாதபுரம்:

செவிலியர் அம்மாவின் யோசனை பிளாக்குகளுக்கு முழுக்கப் பொருந்தும். ஆனால் ஆர்.என்.ஏ. ஆய்வு போன்றவற்றுக்குப் புதுச் சதையை வெட்டிய சில நிமிடங்களுக்குள் திரவ நைட்ரஜனில் உறைய வைக்க வேண்டியிருக்கும். அதற்குத் தையல் பிரிக்கும் நாள் வரை காத்திருக்க முடியாது. அத்தகைய ஆய்வுகளுக்கு அறுவைக்கு நாள் குறிக்கும் ஓ.பி. வருகையிலேயே, அறுவை செய்யும் மருத்துவர் அல்லாத வேறொருவர் கேட்க வேண்டும். படிவத்தை வீட்டுக்குக் கொடுத்து அனுப்ப வேண்டும்.

கீழக்கரை வழக்கறிஞர்:

அதோடு, எதற்காகக் கேட்டார்களோ அதற்கு மட்டும்தான் பயன்படுத்த வேண்டும். அமெரிக்காவின் அரிசோனாவில் ஹவசுபாய் என்ற சிறு பழங்குடியினர், தங்களிடையே பரவிய சர்க்கரை நோய்க்கு விடை கிடைக்கும் என்று நம்பி இரத்தம் கொடுத்தார்கள். அந்த மாதிரிகளை மனச்சிதைவு நோய் பற்றியும், அவர்களின் முன்னோர் எங்கிருந்து வந்தார்கள் என்பது பற்றியும் ஆராயப் பயன்படுத்தியது பின்னர் தெரிய வந்தது. தாங்கள் வாழும் பள்ளத்தாக்கிலேயே தோன்றியவர்கள் என்பது அவர்களின் நம்பிக்கை. 2010-இல் அரிசோனா மாநிலப் பல்கலைக்கழகத் தரப்பு 7 இலட்சம் டாலர் கொடுத்து, மிஞ்சியிருந்த இரத்த மாதிரிகளையும் திருப்பிக் கொடுத்தது. சாதியும் குலமும் கலந்து கிடக்கும் நம் மண்ணில் இதை எச்சரிக்கையாக எடுத்துக்கொள்ள வேண்டும். சர்க்கரைக்கென்று கொடுத்த இரத்தத்தில் யார் எந்த வம்சம் என்று தேடுவதற்கு மறுபடி கேட்டே ஆக வேண்டும்.

நம்மால் உடனே செய்யக்கூடியது ஒன்று உண்டு. 2022 சனவரியில் திறந்துவைக்கப்பட்ட 11 புதிய அரசு மருத்துவக் கல்லூரிகளில் இராமநாதபுரமும் ஒன்று. இனி இந்த மாவட்டத்து மக்களின் மாதிரிகளை வைத்து இங்கேயே ஆய்வுகள் நடக்கும். ஆய்வு நடக்கும் எந்த நிறுவனத்தின் அறநெறிக் குழுவிலும் 7 முதல் 15 பேர் இருக்க வேண்டும், பாதிப் பேராவது வெளியாட்களாக இருக்க வேண்டும், தலைவர் வெளியிலிருந்து வர வேண்டும், மருத்துவம் சாராத பொதுமக்களில் ஒருவரும் உறுப்பினராக வேண்டும் என்று நெறிமுறைகள் சொல்கின்றன. அந்தப் பொது உறுப்பினர் கடற்கரை ஊரிலிருந்து வர வேண்டும் என்று, முடிந்தால் ஒரு பெண்ணாக இருக்க வேண்டும் என்று, மதுரையிலும் இங்கும் மனு கொடுப்போம். மனுவை நான் எழுதித் தருகிறேன். சங்கக்காரர்கள் கையெழுத்து வாங்க வேண்டும்.

தங்கச்சிமடம் சங்கக்காரர்:

வாங்கித் தருகிறோம். மகளிர் குழுக்களிடமும் சொல்லிவிட்டேன்.

பாம்பன் டீச்சர்:

மனுவோடு இணைக்க, தனித் தாளில் தமிழில் ஒரு மாதிரிப் படிவம் எழுதிப் பார்த்தேன். திருத்தித் தாருங்கள்.

"உங்கள் நோய்க்கான சிகிச்சைக்கும் இந்தத் தாளுக்கும் சம்பந்தம் இல்லை. நீங்கள் வேண்டாம் என்றாலும் சிகிச்சை குறையாது. உங்கள் உடலிலிருந்து எடுத்த சதையில், பரிசோதனை முடிந்து மிஞ்சியதை ஆராய்ச்சிக்குப் பயன்படுத்தலாமா? எந்த நோய்க்கான ஆராய்ச்சி என்பது கீழே எழுதப்பட்டிருக்கிறது. வேறு ஆராய்ச்சிக்குத் தேவைப்பட்டால் மறுபடி உங்களைக் கேட்கலாமா? வெளிநாட்டுக்கோ தனியார் நிறுவனத்துக்கோ அனுப்பலாமா? உங்கள் உடல்நலத்தைப் பாதிக்கும் ஏதாவது தெரிய வந்தால் உங்களுக்குச் சொல்ல வேண்டுமா? ஒவ்வொன்றுக்கும் சரி அல்லது வேண்டாம் என்று தனித்தனியே குறிக்கவும். எப்போது வேண்டுமானாலும் நீங்கள் மனம் மாறித் திரும்பப் பெறலாம்."

லேப் டெக்னீஷியன், இராமநாதபுரம்:

நன்றாக இருக்கிறது டீச்சர். கடைசி வரியை மட்டும் மாற்றுங்கள். எங்களால் காப்பாற்ற முடியாத வாக்கு அது. எண்ணை நீக்கி மற்ற மாதிரிகளோடு சேர்த்துவிட்ட பிறகு எது யாருடையது என்று எங்களுக்கே தெரியாது. சீவித் தீர்ந்துபோன பிளாக்கையும் திருப்பித் தர இயலாது. யாரிடம் போய்ச் சொல்ல வேண்டும் என்பதும் அந்த வரியில் இல்லை.

பாம்பன் டீச்சர்:

மாற்றிவிட்டேன்: "நீங்கள் மனம் மாறினால், கீழே உள்ள எண்ணில் அறநெறிக் குழுவின் செயலரிடம் சொல்லுங்கள். அன்றிலிருந்து உங்கள் சதையை எடுக்க மாட்டோம். அதற்கு முன் பெயர் நீக்கி அனுப்பிவிட்டதையும், ஆய்வில் தீர்ந்துபோனதையும் திருப்பித் தர முடியாது. எவ்வளவு மிஞ்சியிருக்கிறது என்பதை எழுத்தில் தெரிவிப்போம்." ஞாயிற்றுக்கிழமை அக்காவுக்கும் பாசிக்குப் போகும் மற்றப் பெண்களுக்கும் வாசித்துக் காட்டப்போகிறேன். அவர்களுக்குப் புரியாத வரிகளைக் குறித்துக்கொண்டு வந்து, மனுவோடு சேர்க்கும் முன் இங்கே பதிகிறேன்.